லரீசா சாகவில்லை: விருத்தாசலத்துக்கு ஒரு அவசரப் பயணம்

உயிரோடு இருக்கும் ஒரு ரஷ்ய நடிகையை விருத்தாசலத்துப் பீங்கான் கடை ஒன்று சாகடித்துவிட்டது. சமாதியில் பதிக்கும் போட்டோ டைல்ஸ் செய்கிற கடை அது. வாசலில் மாதிரிக்கு வைத்திருக்கும் டைல்ஸில் லரீசாவின் முகம். கீழே தோற்றம், மறைவு என்று இரண்டு தேதிகள். லரீசாவைப் பற்றி நான் எழுதுவதைப் படிக்கும் மங்கலம்பேட்டை வாசகர் ஒருவர் அதைப் படமெடுத்து அனுப்பினார். மறுநாள், சென்ற வியாழக்கிழமை, கிளம்பிவிட்டேன். (நடிகையின் முழுப் பெயரை எழுத மாட்டேன். இணையத்தில் அவரைத் தேடுகிறவர்களுக்கு இந்தச் சாவுச் செய்தி போய்ச் சேரக் கூடாது.)

சிதம்பரத்தில் காலை ஆறே முக்காலுக்கு பஸ். டிக்கெட் நாற்பத்திரண்டு ரூபாய். சேத்தியாத்தோப்பில் டீக்கு இறங்காதீர்கள்; கண்டக்டர் காத்திருக்க மாட்டார், சண்டை போட்டுப் பார்த்துவிட்டேன். எட்டேகாலுக்கு விருத்தாசலம். ஆட்டோக்காரர் எண்பது கேட்டார், அறுபதுக்கு வந்தார்.

லரீசா நாடகப் பள்ளியில் படித்தவர். சினிமாவில் அவருக்குக் கிடைத்ததெல்லாம் நர்ஸ், ரயிலில் டீ கொடுக்கும் பெண், கதாநாயகியின் தோழி. பல படங்களின் முடிவில் ஓடும் பட்டியலில்கூட அவர் பெயர் இருக்காது. அதைத் தேடிப் படிக்கத்தான் ஆசிரியர் இல்லாமல் ரஷ்ய எழுத்துகளைக் கற்றேன். ஐம்பது வயதுக்கு மேல் டிவி தொடரில் மாமியாராக வந்த பிறகுதான் நீளமாக நாலு வசனம் பேசினார். இன்றும் நடிக்கிறார்.

டைல்ஸை நேரில் பார்த்தேன். நெற்றியில் பொட்டு வைத்திருந்தார்கள். பெயர், ராஜலட்சுமி அம்மாள். 'கண்ணீருடன் குடும்பத்தினர்' என்று ஒரு வரி வேறு.

"யாரு இந்தம்மா?" என்றேன், கடை நடத்தும் மல்லிகாவிடம்.

"தெரியலீங்க. நெட்டுல கெடச்சாங்க. லட்சணமா இருந்தாங்க."

"உசுரோட இருக்காங்க."

"அய்யய்யோ! நம்ம ஊரு மூஞ்சியப் போட்டா வூடு தேடி வந்து அடிப்பாங்க. பேரெடுத்த நடிகையப் போட்டா சிரிப்பாங்க. அதான், யாருக்குமே தெரியாத மூஞ்சியா தம்பி தேடிப் புடிச்சான்."

யாருக்குமே தெரியாத முகம்! ஒரு ஆயுள் முழுக்க நடித்தவருக்கு இதுவா பரிசு?

"எனக்குத் தெரியும். ஒடைங்க."

"மாதிரி இல்லாம யாவாரம் எப்படி ஓடும்? செத்தவங்க படத்த அவங்க வூட்டுல குடுக்க மாட்டாங்க. உசுரோட இருக்குறவங்க யாரு குடுப்பா? நீங்க குடுக்குறீங்களா?" என்று சிரித்தார்.

"ஒடைச்சிட்டு என் படத்த எடுத்துக்குங்க."

சிரிப்பு நின்றுவிட்டது. "பெரியவரே, வெளையாடாதீங்க. புள்ளைங்க இருக்காங்கல்ல?"

"ஒரு பொண்ணு. ஒடைங்க."

மல்லிகா அந்த முகத்தின் மேல் ஈரத்துணியைப் போட்டு மூடி, சுத்தியலால் ஒரே அடி அடித்தார். பிறகு என்னைச் சுவரோரம் நிறுத்தி, செல்போனில் படமெடுத்தார். நான் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டேன்.

இனி நடக்க வேண்டியவை. மல்லிகா என் படத்தின் கீழே என் பெயரைத்தான் போட வேண்டும். ஒரு முகத்தின் கீழே இன்னொருவர் பெயர் கூடவே கூடாது. அவர் தம்பி லரீசாவின் படத்தைக் கம்ப்யூட்டரிலிருந்து அழிக்க வேண்டும். பீங்கான் பொம்மை வாங்க விருத்தாசலம் போகும் வாசகர்கள் அந்தக் கடையில் என்னைப் பார்த்தால் இரங்கல் அனுப்பக் கூடாது. என் மகள் பார்த்தால், அழுவதற்கு முன் எனக்கு போன் செய்ய வேண்டும். லரீசா தொடர்ந்து நடிக்க வேண்டும்.