சாம்பலியின் காது

எங்கள் ஊரில் பூனையைக் கொல்ல மாட்டார்கள். பாவத்துக்கு அவ்வளவு பயம். குட்டி போட்டால் சாக்கில் கட்டிக்கொண்டுவந்து புத்தளம் மீன் சந்தைக்குப் பின்னால் விட்டுவிட்டு, கையைத் தட்டிக்கொண்டு போய்விடுவார்கள். அதற்குப் பிறகு அது நிஸ்மியா ராத்தாவின் பாடு.

ராத்தா சந்தை வாசலில் இடியப்பம் விற்பவர். வியாபாரம் முடிந்ததும் மீன் வெட்டுகிறவர்களிடம் குடலும் தலையும் வாங்கிச் சோற்றோடு பிசைந்து வைப்பார். அங்கே ஒரு பொம்பிளை பார்த்துக்கொள்கிறாள் என்ற கதை மதுரங்குளி வரைக்கும் போக, சாக்குகளும் கூடிப்போயின.

போன வருடம் பூனைகளுக்குக் கருத்தடை செய்ய ஒரு முகாம் வந்தது. ராத்தாதான் ஒவ்வொன்றாகப் பிடித்துக் கொடுத்தார். செய்து முடித்த பூனைக்கு அடையாளமாகக் காது நுனியை வெட்டிவிடுவார்கள். முதலில் மயங்கிக் கிடந்தது சாம்பலி என்ற சாம்பல் நிறப் பூனை; அதன் காதை ராத்தா பொத்திக்கொண்டார்.

"வேணாம் டொக்டர். அல்லாஹ் படைச்ச காது. நம்ம கை வைக்கப்படாது. நான் கழுத்துல நூல் கட்டி விடுறன்."

டொக்டர் சொல்லிச் சொல்லிக் களைத்துப்போனார். எல்லாப் பூனைக்கும் சிவப்பு நூல் கட்டியாயிற்று. சந்தையே மெச்சியது. மெச்சுவதற்கு என்ன, வாய்தானே.

நூல் எத்தனை நாளைக்கு? வேலியில் மாட்டியும் சண்டையிலும் அறுந்து போனது. ராத்தா கவலைப்படவில்லை. அவருக்கு ஒவ்வொன்றின் முகமும் தெரியும்.

இந்த வருடம் முகாம் வந்தபோது ராத்தா மகளின் பிரசவத்துக்காக மாம்புரியில் இருந்தார். இந்த முறை வந்தவரும் வேறு டொக்டர். மீன் வெட்டும் நௌஃபர் உதவி செய்வோமென்று கைக்கு அகப்பட்டதையெல்லாம் பிடித்துக் கொடுத்தான். ஆளைக் கண்டால் காலில் உரசும் சாம்பலிதான் முதலில் அகப்பட்டது. பழைய தழும்பு யார் கண்ணிலும் படவில்லை. வயிற்றைத் திறந்தார்கள். எடுக்க ஒன்றும் இருக்கவில்லை. திரும்பத் தைத்தார்கள்.

நாலாம் நாள் செய்தி கேட்டு ராத்தா ஓடிவந்தபோது தையல் பழுத்திருந்தது. ஊசி மருந்து எதுவும் பிடிக்கவில்லை. ராத்தாவால் அதை மடியில் வைத்துக்கொண்டு இருக்கத்தான் முடிந்தது. விடிவதற்குள் அது போய்விட்டது.

"தெரியாம செஞ்சிட்டன் ராத்தா," என்று நௌஃபர் அழுதான்.

"ஒனக்கு எப்புடித் தெரியும் வாப்பா? தெரியுறதுக்கு நான் ஒண்டும் விட்டு வைக்கல்லியே."

ஒரு வார முகாம் அன்றோடு முடிவதாக இருந்தது. ராத்தா போன வருடம் நூல் கட்டிய மற்றப் பூனைகளைத் தூக்கிக்கொண்டு போய் மேசையில் விட்டார். முதல் பூனை மயங்கியதும் அவரே அதன் காதை விரித்துப் பிடித்தார்.

"எது பாவமெண்டு எனக்கு இனி விளங்கல்ல டொக்டர். வெட்டுங்க."