ஒற்றைக் கைப் படகு

என் அண்ணியை நான் புகழ்ந்தால் எங்கள் வீட்டிலேயே ஆளாளுக்கு மூக்கின் மேல் விரலை வைப்பார்கள். நாத்தனார் வாயால் அண்ணி நல்ல பேர் வாங்கியதாக எங்காவது கதை உண்டா? போகட்டும். கண்ணால் கண்டதைச் சொல்லாமல் இருக்க என்னால் ஆகாது.

அண்ணிக்கு, சமையலறை அலமாரி செய்யும் பட்டறையில் படம் வரையும் வேலை. எந்த இழுப்பறை எந்தப் பக்கம் திறக்க வேண்டும், எந்தக் கதவு யார் தலையில் இடிக்கும், எல்லாம் அவளுக்கு அத்துப்படி. அண்ணன் சரக்குப் படகில் வேலை பார்த்தவன். ஒருநாள் ஓடுகிற கயிறு சுற்றி இழுத்ததில் இடது கை தோள்வரை விளங்காமல் போய்விட்டது. அதற்குப் பிறகு தண்ணீர்ப் பக்கமே அவன் போகவில்லை. நாங்கள் சும்மா இருந்தோமா? பாட்டில் மூடி திறக்க ஒரு ஆள், சட்டைப் பொத்தான் போட ஒரு ஆள் என்று விழுந்தடித்து உதவினோம். நாங்கள் உதவ உதவ அவன் பேச்சு குறைந்துகொண்டே வந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வீட்டுக்குப் போனேன். கூடத்தில் நாற்காலி, மேசை எல்லாம் சுவரோரம் ஒதுங்கிக் கிடந்தன. தரையில் சாக்பீஸால் ஒரு படகின் வடிவம், அதற்குள் அட்டைப்பெட்டிகள். நடுவில் அண்ணி, தன் இடது கையைத் துண்டால் இடுப்போடு சேர்த்துக் கட்டிக்கொண்டு, ஒரு கயிற்றோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள்.

“என்ன அண்ணி, பேய் கீய் பிடிச்சிருச்சா?”

“கோட்டை மிதிக்காதே, அது படுக்கை! தள்ளி நில்லு.”

அண்ணனுக்காகப் பாய்மரப் படகு வரைகிறாளாம். அவர்களுடைய சின்னக் காரின் பின்னால் ட்ரெய்லரில் ஏற்றி, எந்த ஏரிக்கும் எந்தக் கடலுக்கும் கொண்டுபோகலாம். உள்ளே படுக்கலாம், டீ போடலாம். பாய்மரத்தைக் கீல் வைத்துப் படுக்கப்போட்டு, கரைக்கு வந்ததும் ஒரு கையாலேயே நிமிர்த்தலாம். ஒவ்வொரு கொக்கியையும் ஒவ்வொரு கயிற்றையும் தன் கையைக் கட்டிக்கொண்டு செய்து பார்த்துத்தான் வரைந்திருந்தாள்.

“எலி வளையானாலும் தனி வளை வேணும்தான். ஆனா இதுல எலியே குனிஞ்சுதான் போகணும் போலிருக்கே,” என்றேன்.

“சிரி, சிரி. கனமா செஞ்சா கார் இழுக்காது. லேசா செஞ்சா காத்துல கவுந்துடும். அதான் தரைக்கு அடியில ஒரு தொட்டி வைக்கிறேன். படகு இறங்கினதும் ஏரித் தண்ணி உள்ளே வந்து நிரம்பும். அந்தக் கனம் படகைக் கவுழ விடாது. கரையேறும்போது தானா வடிஞ்சிடும்.”

“படகுக்குள்ளே தண்ணி வந்தா அதுக்குப் பேரு முழுகுறது அண்ணி!”

சொல்லிவிட்டேனே தவிர, வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அதே நினைப்பு. நாலு ஆள் தூக்க முடியாத பாரத்தை ஏரியிடமே வாங்கி ஏரியிடமே திருப்பிக் கொடுப்பதாவது! அடேயப்பா, அலமாரி வரைகிற மண்டைக்குள் இதெல்லாம் எப்படி வந்தது?

இன்னொன்றும் அன்று கேட்டேன். “படத்துல எழுதியிருக்கிற கணக்குல ஒரே ஆள் எடைதானே இருக்கு? நீங்க ஏறலையா?”

“எனக்குத் தண்ணியில தலை சுத்தும். அவரு தனியாத்தான் போகணும்.”

“தனியாவா! கூட ஒரு ஆள் வேண்டாம்?”

“கூட ஆள் போனா, அது அவருக்கு இன்னொரு பாட்டில் மூடி.”



மழைக்காலம் முழுக்க, பட்டறைத் தச்சர் அந்தப் படத்தைப் பார்த்து ப்ளைவுட்டில் படகைச் செய்தார். ஏரிக்குக் கொண்டுபோன அன்று அண்ணன் காரைவிட்டு இறங்கவே இல்லை.

“கவுத்துப் பாருங்க. தானா எழுந்தா ஏறுறேன். எழலைன்னா இந்தப் பேச்சை இதோட விட்டுடணும்,” என்றான்.

அண்ணி படகின் பின்பக்கம், அண்ணன் உட்கார வேண்டிய இடத்தில் உட்கார்ந்து தொட்டியைத் திறந்தாள். காற்று வெளியே போகிற துளை அவள் கையருகே இருந்தது. அதன் வழியே தண்ணீர் எட்டிப் பார்த்ததும், நிரம்பிவிட்டது என்று மூடி இறங்கினாள். தச்சர் பாய்மரத்தின் உச்சியில் கட்டிய கயிற்றைத் துறையிலிருந்து இழுத்து, படகைச் சாய்த்துப் படுக்கவைத்துவிட்டுக் கயிற்றை விட்டார்.

படகு எழவில்லை. படுத்தது படுத்தபடியே கிடந்தது.

“போதும். வீட்டுக்குப் போலாம்,” என்று அண்ணன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். எனக்கு வந்த கோபத்தில் பாவம், தச்சரைப் பிடித்துக் கத்தினேன். அண்ணி எதுவும் காதில் வாங்கவில்லை. படகை நிமிர்த்தச் சொல்லி, மறுபடி அதே இடத்தில் போய் உட்கார்ந்தாள். அவள் உட்கார்ந்ததும் பின்பக்கம் தாழ்ந்து மூக்கு மேலே கிளம்பியது.

“ஐயோ, மடச்சி நான்!” என்று தலையில் அடித்துக்கொண்டாள். “ஆள் பின்னாடி உட்கார்ந்தா காத்து முன்னாடி போய் உட்கார்ந்துக்குது. தொட்டி பாதிதான் ரொம்பியிருக்கு. சாஞ்சதும் அந்தத் தண்ணியெல்லாம் ஒரே பக்கமா ஓடிடுச்சு. அவரு கை எட்டணுமேன்னே பார்த்தேன், காத்துக்கு வழி எட்டுமான்னு பார்க்கல!”

காரின் கண்ணாடியருகே போய் நின்றாள். “இன்னும் ஒரே ஒரு தடவைங்க.” அண்ணன் தலையாட்டவும் இல்லை, மறுக்கவும் இல்லை.

அடுத்த வாரம், தொட்டியின் முன்மூலையிலிருந்து துளை வரைக்கும் ஒரு குழாய் ஓடியது. அவ்வளவுதான் மாற்றம். மறுபடி நிரப்பினார்கள், மறுபடி சாய்த்தார்கள். பாய்மரம் தண்ணீரைத் தொட்டது. தச்சர் கயிற்றை விட்டதுதான் தாமதம், படகு சரேலென்று எழுந்து நின்றது. அண்ணன் கார்க் கதவைத் திறந்தான்.

பாயை அவனே ஏற்றினான். உதவப்போன என்னை அண்ணி இழுத்துப் பிடித்துக்கொண்டாள். படகு நடு ஏரிக்குப் போயிருக்கும், திடீரென்று ஒரு காற்று அடித்தது. படகு சாய்ந்தது. சாய்ந்துகொண்டே போய்ப் பாயின் ஓரம் தண்ணீரில் பட்டது.

“அண்ணா! திரும்பி வந்துடு!” என்று கத்தினேன்.

அண்ணி என் வாயைப் பொத்தினாள். “கூப்பிடாதே. கூப்பிடாதே.”

படகு மெல்ல நிமிர்ந்தது. அவன் பாயைச் சரிசெய்தான். இனித் திரும்புவான் என்று பார்த்தேன். இல்லை, காற்று வந்த பக்கத்துக்கே சற்றுச் சாய்வாகப் படகின் மூக்கைக் கொடுத்து, தொலைவில் இருந்த அக்கரையைப் பார்த்துப் போய்க்கொண்டே இருந்தான்.

அண்ணி கன்னமெல்லாம் கண்ணீரோடு என் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

“பாருடி, போறாரு! நம்மளத் திரும்பிக்கூடப் பார்க்கல, பாரு!”