கடலை நிறுத்தும் மணி

காலை ஐந்து நாற்பது. பெரியதாழையைத் தாண்டி எங்கள் ஊருக்குள் கார் திரும்பியதும் முதலில் தெரிந்தது பழைய மாதா கோயிலின் மேற்குச் சுவர். யாரோ அதில் நீல வலையைக் காயப் போட்டிருந்தார்கள்.

அப்பா முந்தைய மாலை தூத்துக்குடி ஆஸ்பத்திரியில் இறந்துபோனார். நாங்கள் அங்கே குடியேறி, இந்தக் கோயிலில் இருந்த எங்கள் குடும்பக் கார்டையும் டவுன் பங்குக் கோயிலுக்கு மாற்றிப் பல வருடங்கள் ஆகின்றன. அடக்கமும் டவுனில்தான், மாலை நான்கு மணிக்கு. அப்பாவின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்த அம்மா என்னிடம் ஒன்றுதான் கேட்டாள்.

"நம்மூர்ல மணி அடிக்கணும். அடிச்சாத்தான் அவுக போனது போன மாதிரி."

மணியடிக்கும் கோயில்பிள்ளை சாவியோடு கோயில் வாசலில் நின்றார். நான் விஷயத்தைச் சொன்னதும் என் தோளைப் பிடித்துக்கொண்டார். பிறகு கடற்கரைப் பக்கம் பார்த்தார்.

"சாவு மணி அடிச்சா அடக்கம் முடியுற வரைக்கும் ஒருத்தனும் கடலுக்குப் போவ மாட்டான், தம்பி. ஒரு வாரமா காத்து. இன்னைக்குத்தான் எறங்குதாவ. ஒங்க கார்டும் இங்கன இல்ல. நீயே போய்க் கேட்டுட்டு வா."

கரையில் நான்கு வள்ளங்களில் ஐஸ் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அப்பாவோடு தொழில் செய்த ஒருவர் என்னை அடையாளம் கண்டார். நான் சொன்னதைக் கேட்டுக் கையிலிருந்த ஐஸ் கூடையைக் கீழே வைத்தார்.

"ஒங்கப்பன் உசுரோட இருக்கையிலயும் என்னயக் கடலுக்குப் போவ விட்டதில்லலே. சீட்டாட உக்கார வச்சிருவான்" என்றார். வள்ளத்தில் நின்ற இன்னொருவர் சிரித்துவிட்டு, "அங்கன மணிச் சத்தம் கேக்குமா?" என்று கேட்டார்.

கேட்காது. டவுன் வீட்டில் துறைமுகத்துக்குப் போகும் லாரிகளின் சத்தம்தான். இந்த ஊரில் இருந்தவரை அம்மா மதிய மணி கேட்டுத்தான் சோறு வடிப்பாள். நான் பத்திரிகை ஆபீஸ் செய்தி அறையில் வேலை பார்த்த காலமெல்லாம் பன்னிரண்டு மணிக்கு என் காது அந்தச் சத்தத்தைத் தேடியிருக்கிறது.

"போய் அடிக்கச் சொல்லு" என்றார் அப்பாவின் கூட்டாளி.

கோயில்பிள்ளை கயிற்றை இழுத்தார். ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே ஒரு 'அருள் நிறை மரியே' செபம் சொல்லி முடிக்கலாம். நான் அம்மாவுக்கு போன் போட்டு, அதை மணிக்கூண்டுக்கு நேராகப் பிடித்தேன். கடைசி அடி ஓய்ந்ததும் போனைக் காதில் வைத்தேன்.

"வள்ளம் எறங்குதாய்யா?" என்றாள்.

திரும்பிப் பார்த்தேன். கரையில் ஐஸை மணலில் கொட்டிக்கொண்டிருந்தார்கள்.