பெரிய காடி வந்தால் ஓரங்கட்டு

வண்டியோட்டும் பரீட்சை வைப்பவனின் வேலை, ஓட்டுபவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு, எதிரே லாரியே வந்தாலும் முகத்தைச் சுளிக்காமல் மார்க் போடுவது.

உங்களில் பாதிப் பேராவது, என்னைப் போன்ற ஒருவன் பக்கத்தில் ஏறி உட்கார்ந்ததும் கிளட்ச் எது, பிரேக் எது என்று மறந்துபோனவர்களாக இருப்பீர்கள். என் மேல் வஞ்சம் வைக்காதீர்கள். நீங்கள் பிரேக்கைத் தேடியபோது என் காலும் என் பக்கம் இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டுதான் இருந்தது. மலேசியாவில், நெகிரி செம்பிலான் மாநிலத்தில் இருபத்தாறு வருடம் இப்படி மிதித்திருக்கிறேன். போக்குவரத்து இலாகாவின் சீருடையைக் கழற்றி இரண்டு வருடம் ஆகிறது. இப்போதும் செண்டாயான் வீட்டில் காலைக் கோப்பி குடிக்கும்போது தெருவில் யாராவது கியரை அரைத்தால், என் கை சட்டைப்பையில் பேனாவைத் தேடுகிறது.

கை தூக்கும் பெருமாள்

பகாவ் பக்கத்து எஸ்டேட் ஆட்கள் பரீட்சைக்கு வரும் நாள் எனக்குப் பிடிக்கும். பலர் எஸ்டேட்டுக்குள்ளேயே வருடக்கணக்கில் காடி (வண்டிக்கு அங்கே அதுதான் பேர்) ஓட்டியவர்கள். லைசன்ஸ்தான் இருக்காது. பெருமாள் அப்படி ஒருவர். எண்ணெய் எடுக்கும் செம்பனைப் பழம் ஏற்றும் டிராக்டரை இருபது வருடம் ஓட்டியவர். அவர் கியர் மாற்றுவதே நமக்குத் தெரியாது. பள்ளத்தில் இறக்கினால் நம் இடுப்புக்கே தெரியாது. இன்னும் கொஞ்ச தூரம் போகமாட்டாரா என்று எனக்கே தோன்றியது.

ஆனால் ரோட்டில் யார் எதிரே வந்தாலும் ஸ்டியரிங்கை விட்டு ஒரு கையைத் தூக்கி வணக்கம் வைத்தார். மோட்டார் சைக்கிளில் வந்த மலாய்க்காரர், ரொட்டிக்காரர், பஸ் டிரைவர், யாரையும் விடவில்லை. ஒன்பது வணக்கம் வரை எண்ணினேன். ஒவ்வொன்றுக்கும் மார்க் குறைத்தால் அவர் பகாவ் போய்ச் சேரும்போது எனக்கே கடன்பட்டிருப்பார். கையை எடுக்காதீர்கள் என்று சொல்லவும் எனக்கு அனுமதி இல்லை. இறங்கிய பிறகு காரணம் கேட்டேன்.

“கைய தூக்கலேன்னா, காடி ஓட்டவும் தலைக்கனம் வந்துருச்சு பாருன்னு லயத்து வீடுங்கள்ல பேசுவாங்க லா, சார்.”

சகாயமேரி நிறுத்திய இடம்

சகாயமேரிக்கு நாற்பது வயதிருக்கும். எஸ்டேட்டில் களை மருந்து அடிக்கும் வேலை. பரீட்சைக்கென்று ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்குக் கட்டும் சேலையைக் கட்டிக்கொண்டு வந்திருந்தார். அவ்வளவு சுத்தமாக வண்டி ஓட்டிய ஆளை நான் அந்த வருடம் பார்க்கவில்லை. பாதி வழியிலேயே, இவர் பாஸ் என்று மனத்துக்குள் முடிவு கட்டிவிட்டேன்.

அப்போது எதிரே ஒரு பெரிய கறுப்புக் கார் வந்தது. சகாயமேரி சட்டென்று இடதுபக்கப் புல்லில் வண்டியை இறக்கி நிறுத்தி, இரண்டு கையையும் மடியில் வைத்துத் தலை குனிந்துகொண்டார். கார் போய் மறைந்த பிறகுதான் வண்டியை எடுத்தார். காரணமில்லாமல் நடுவழியில் நிறுத்தினால் ஃபெயில். எழுதிவிட்டேன்.

அவர் அழவில்லை. வீட்டுக்காரருக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டதாம். வாரம் மூன்று நாள் பகாவுக்குக் கொண்டுபோய் ரத்தம் சுத்தம் செய்ய வேண்டும். வீட்டில் பழைய கார் ஒன்று இருக்கிறது. இதுவரை அதை ஓட்டிய பக்கத்து வீட்டுக்காரர் மாதக் கடைசியில் சுங்கை காடுட் தொழிற்சாலைக்கு வேலை மாறிப் போகிறார். டாக்சிக்காரர்கள் அந்தச் செம்மண் ரோட்டுக்குள் வருவதில்லை. இதையெல்லாம் யாருக்கோ நடந்த கதை மாதிரி சொன்னார். எதுக்கும்மா நிறுத்துனீங்க என்று கேட்டேன்.

“பெரிய காடி வந்துச்சே சார், உள்ள நம்ம மேனேஜர் இருந்தா?”

கேண்டீனில் ரம்லி

அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. என் அப்பாவும் அந்தக் காலத்தில் அப்படித்தான் நிற்பார். ரப்பர் தோட்டத்தில் பால்மரம் சீவியவர். சைக்கிளின் இரண்டு பக்கமும் பால் வாளி, முன்கம்பியில் நான். மேனேஜர் கார் சத்தம் கேட்டால் போதும், இறங்கி, என்னையும் இறக்கி, கால்வாய் ஓரமாக நிற்பார். புழுதி எங்கள் மேல் படிந்து, பாலின் புளித்த வாசனையோடு கலக்கும். புழுதி அடங்கிய பிறகுதான் மறுபடி மிதிப்பார். அதுதான் சாலை விதி என்று பத்து வயதுவரை நம்பினேன். அந்த வாசனையும் அந்தக் கம்பியில் உட்கார்ந்த சுகமும் இன்றைக்கும் வேண்டும்போல இருக்கிறது. ஓரத்தில் நின்றதை மட்டும் நினைக்கவே பிடிக்கவில்லை.

கூட வேலை பார்த்த ரம்லியிடம் இதையெல்லாம் கொட்டினேன். அவர் மலாய்க்காரர், ஆனால் எஸ்டேட் கடை வாசலில் வளர்ந்தவர். என்னைத் திட்டுவதென்றால் தமிழில்தான் திட்டுவார். நம் ஜனங்கள் இன்னும் இப்படிப் பயப்படுகிறார்களே என்று நான் பிரசங்கம் செய்ததை, மீ கோரெங் தின்றுகொண்டே கேட்டார்.

“நீ மட்டும் என்ன லா? நம்ம இலாகா டைரக்டர் காடி கேட்டுல நுழைஞ்சா நீயும் செவத்தோட ஒட்டிக்கிட்டுத்தானே நிக்கிறே?”

இரண்டாம் தடவை

மாதக் கடைசிக்கு நான்கு நாள் இருக்கும்போது சகாயமேரி மறுபடி வந்தார். தனியாக ஒருவருக்குச் சொல்லிக்கொடுத்தால் என் வேலை போய்விடும். ஆனால் காலையில் எல்லோருக்கும் சேர்த்து விதிகளைச் சொல்வது என் கடமை. அன்றைக்கு ஒன்றை மட்டும் மூன்று தடவை சொன்னேன்: “ஆம்புலன்ஸ், தீயணைப்பு வண்டி, சைரன் போட்ட போலீஸ். இதுங்களுக்கு வழி விடுங்க. வேற எந்தக் கார் வந்தாலும், உள்ள யார் இருந்தாலும், உங்க பாதையில நீங்க போங்க.” இளசுகள் கொட்டாவி விட்டார்கள். சகாயமேரி மட்டும் வேதம் கேட்பதுபோல் கேட்டார்.

எஸ்டேட் முச்சந்திக்குப் பக்கத்தில் அதே கறுப்புக் கார் வந்தது. அவர் கால் பிரேக்குக்குப் போனதைப் பார்த்தேன். வண்டி கொஞ்சம் தயங்கியது. “மாதாவே” என்று முணுமுணுத்தார். நிறுத்தாதே தாயே என்று நானும் உள்ளுக்குள் கெஞ்சினேன். கால் திரும்ப ஆக்ஸிலரேட்டருக்கு வந்தது. இரண்டு காரும் அவரவர் பாதையில் ஒன்றையொன்று கடந்து போயின.

பரீட்சை மைதானத்துக்குத் திரும்பி, பாஸ் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அப்போதுதான் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

“போனது நம்ம மேனேஜரேதான் சார், என்னைப் பாத்துட்டாரு. நாளைக்குக் கூப்பிட்டுக் கேட்டா, கவர்மெண்டு சார்தான் நிக்க வேணாம்னாருன்னு சொல்லிக்கட்டுங்களா?”

தாராளமாகச் சொல்லுங்கம்மா என்று வீராப்பாகச் சொல்லி அனுப்பிவிட்டேன். ஆனால் எதிரே பெரிய கார் வந்தால் இன்றைக்கும் என் கால் தானாகப் பிரேக்குக்குப் போகிறது, நல்ல வேளையாகப் பக்கத்தில் உட்கார்ந்து எனக்கு மார்க் போட ஆளில்லை.