திருப்பிக் கொடுத்த சாவி

நிறையப் படிக்கிறவன் என்று எனக்குச் சிவகாசியில் பெயர். அந்தப் பெயரோடுதான் பாதிக் கிட்டங்கியைத் தொலைத்தேன்.

பிள்ளையில்லாத என் பெரியத்தா, அதாவது அத்தாவின் அண்ணன், தீப்பெட்டிச் சரக்கு வைக்கும் தன் கிட்டங்கியை எனக்கு ஹிபாவாக, தானமாக, எழுதி ரிஜிஸ்தரும் செய்தார். நாலு பேர் முன்னால் சாவியை நீட்டி, "ஏலே, பிடி. இனி இது உன்னது" என்றார்.

எனக்கு மரியாதை பொத்துக்கொண்டு வந்தது. "நீங்க இருக்கிற வரைக்கும் உங்ககிட்டயே இருக்கட்டும் பெரியத்தா" என்று சாவியை அவர் கையிலேயே வைத்தேன்.

"பிள்ளைன்னா இப்படில்ல இருக்கணும்!" என்று அந்த நாலு பேரில் ஒருவரான லேபிள் கடைக்காரர் உருகினார்.

பெரியத்தா மௌத்தாகி அடக்கம் முடிந்ததும், நோயில் எட்டிப் பார்க்காத சின்னத்தா மகன் பங்கு கேட்டு வழக்குப் போட்டான். நான் பத்திரத்தை நெஞ்சு நிமிர்த்திக் காட்டினேன். அவனுடைய வக்கீல் அதைத் தொடக்கூட இல்லை. "சாவி யாருகிட்ட இருந்துச்சு?" என்று மட்டும் சாட்சியைக் கேட்டார். சாட்சி அதே லேபிள் கடைக்காரர். என் மரியாதையைக் கூண்டிலும் புகழ்ந்தார்.

வாய்ச்சொல்லால் கொடுத்தாலே ஹிபா செல்லுமாம். ஆனால் சொத்து கைமாறியிருக்க வேண்டுமாம். ஹிபா செல்லாது, வாரிசு நாங்கள் இரண்டு பேர் என்று பாதி அவனுக்குப் போயிற்று.

பத்திர எழுத்தரிடம் போய்க் கொதித்தேன். "கேட்டிருந்தீகன்னா சொல்லியிருப்பேனே" என்றார். அவர் மேல் உள்ள ஆத்திரம் ஆறிவிடும். என் மரியாதை மேல் உள்ளது ஆறாது.

போன மாதம் என் வீட்டை மகளுக்கு ஹிபா கொடுத்தேன். படுக்கை, புத்தகமெல்லாம் எதிரில் பிடித்த வாடகை வீட்டுக்கு மாற்றிவிட்டுச் சாவியை நீட்டினேன்.

"நீங்களே வச்சுக்கங்கத்தா" என்று இழுத்தாள்.

"வாயை மூடிட்டு வாங்குத்தா!"

இப்போது அந்த வீட்டுக் கதவைத் தட்டிவிட்டு, அவள் திறக்கும்வரை தெருவில் நிற்கிறேன்.