காத்திருக்க வேண்டாத கடை

தையலக்காவுக்குப் பிடிக்காத ஒரே விஷயம் வாடிக்கையாளரைக் காக்க வைப்பது. சொன்ன நேரத்துக்குத் துணி தயாராக இருக்கும். ‘இங்கே காத்திருக்க வேண்டாம்’ என்று வாசலிலேயே எழுதி மாட்டியிருந்தாள். அந்த நல்ல குணம்தான் அன்று அவள் காலை வாரிவிட்டது.

டிசைன் வரைகிற ஆப் அவள் போனில் இருந்தது. சின்னத் திரையை உற்றுப் பார்த்தே கண் பூத்துப்போனது. கடைக் கம்ப்யூட்டரில் ஆண்ட்ராய்டை ஏற்றினால் பெரிய திரையில் வரையலாம். பழைய விண்டோஸும் பக்கத்திலேயே இருக்கும், ஆன் செய்யும்போது எது வேண்டுமென்று கேட்கும் என்று வீடியோவில் சொன்னார்கள். மத்தியானம் சாப்பாட்டையும் மறந்து உட்கார்ந்துவிட்டாள். தையலுக்குத் துணி விடுகிற மாதிரியே கொஞ்சம் கூடுதலாக விட்டு, ஹார்ட் டிஸ்க்கில் புதியதற்கு இடம் பிரித்தாள். எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. கடைசியில், தேர்வு செய்ய எத்தனை நொடி காத்திருக்கட்டும் என்று அது கேட்டது. காத்திருப்பதாவது! பூஜ்யம் என்று போட்டாள்.

கம்ப்யூட்டர் மறுபடி ஆன் ஆனதும் நேராக ஆண்ட்ராய்டு வந்து நின்றது. அணைத்துப் போட்டாள், அதேதான். விண்டோஸைக் காணோம். எட்டு வருஷத்து அளவுகள் அதற்குள்தான். பழைய அளவு நோட்டுகளைப் போன மாசம்தான் எடைக்குப் போட்டிருந்தாள், புத்திசாலி.

மற்றவர்களை மறுபடி அளந்துகொள்ளலாம். லைப்ரரியில் வேலை பார்க்கிற அம்மாவை? விபத்துக்குப் பிறகு அவருக்கு ஒரு தோள் இறங்கிவிட்டது. அளவெடுத்த அன்று கண்ணாடியைப் பார்க்காமல் தலை குனிந்தே நின்றார்.

"இனிமே இன்னொரு தடவை அளக்கணுமா?" என்று அன்று கேட்டார்.

"இதுதான் கடைசிங்கம்மா. சத்தியமா."

அவர் இன்று ஐந்து மணிக்குப் புதுத் துணி கொடுக்க வருகிறார். மணி நாலே கால்.

ஆபீஸில் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்ளும் நாத்தனாருக்குப் போன் போட்டாள்.

"எதையாவது அழிக்கச் சொல்லி ஓகே குடுத்தீங்களா அண்ணி?"

"காலி இடத்துலதான் போட்டேன். இப்ப விண்டோஸே காணோமே!"

"காத்திருக்கிற நேரம் எவ்வளவு போட்டீங்க?"

"பூஜ்யம்."

நாத்தனார் விழுந்து விழுந்து சிரித்தாள். "எது வேணும்னு கேக்க அது வாயத் தொறக்கவே விடலையே அண்ணி! ஆன் பண்ணதும் எஃப் பன்னெண்டு பட்டனத் தட்டிக்கிட்டே இருங்க."

தட்டினாள், தட்டிக்கொண்டே இருந்தாள். கறுப்புத் திரையில் இரண்டு வரிகள் வந்தன. இரண்டாவது, விண்டோஸ். உள்ளே போய் அளவுப் பட்டியலைத் திறந்தாள். லைப்ரரி அம்மா இருந்தார்: இடது தோள் இறக்கம் ஒன்றரை, வலது இரண்டே கால் அங்குலம். அப்பாடா! போன உயிர் திரும்பி வந்தது. முதல் வேலையாக எல்லா அளவுகளையும் பென் டிரைவில் நகல் எடுத்தாள். பூஜ்யத்தை முப்பது நொடியாக மாற்றினாள்.

சரியாக ஐந்து மணிக்கு லைப்ரரி அம்மா வந்து துணியை மேசைமேல் வைத்தார். தையலக்காவின் கழுத்தில் தொங்கிய டேப்பை ஒரு தரம் பார்த்தார்.

"என் அளவு இருக்குல்ல?"

தையலக்கா டேப்பைக் கழற்றி டிராயருக்குள் போட்டாள்.

"இருக்குங்கம்மா. துணிய மட்டும் குடுத்துட்டுப் போங்க."