காவடியை இறக்கச் சொன்ன படக்காரர்

உலகச் சண்டை முடிந்து, அக்கா புருஷன், எங்கள் பாவா, பர்மாவிலிருந்து எலும்பும் தோலுமாக வந்து சேர்ந்த வருஷம். எப்படியோ, உயிரோடு வந்தார். அவருக்காக நேர்ந்துகொண்ட பூக்காவடியை ஆடிக் கிருத்திகையன்று அக்கா எடுத்தாள்.

அன்றைக்குப் பார்த்துப் பட்டணத்திலிருந்து ஒரு படக்காரர் கேமராவோடு வந்திருந்தார். நம் ஜனங்களின் பாரம்பரியத்தையும் மனவுறுதியையும் காட்டுகிற சின்னப் படமாம். எனக்குத் தலைகால் புரியவில்லை. அவருடைய பெட்டியை நானே தூக்கிக்கொண்டு மலைப்படி ஏறினேன். "எங்க அக்கா வந்துகினே இருக்குது சார், அதை எடுங்க!"

அக்கா வந்தாள். காலையிலிருந்து பட்டினி. சரவணப் பொய்கையில் குளித்துத் தோளில் ஏற்றிய காவடி சன்னதியில்தான் இறங்க வேண்டும். நடுவில் கீழே வைத்தாலோ, திரும்பி இறங்கினாலோ நேர்த்தி போச்சு. எங்கள் ஊரில் இது தெரியாத குழந்தை கிடையாது.

"மேகம் மறைச்சிடுச்சும்மா. காவடியை இப்படி வச்சிட்டு, கீழே போய் மறுபடி ஏறி வாங்க. கொஞ்சம் சிரிச்ச முகமா!"

அக்கா காதில் வாங்காமல் அடுத்த படியில் கால் வைத்தாள். அந்த ஆள் வழியை மறித்துக் காவடித் தண்டைப் பிடித்தார். சாமந்திச் சரம் அறுந்தது. அக்கா தடுமாறினாள்.

எனக்கு ரத்தம் தலைக்கேறியது. "கைய எடுய்யா! பாவா உசுருக்கு நேந்துகினது அது!"

"படிச்சவன் மாதிரி பேசு தம்பி. நாடே பார்க்கப் போற படம்."

"நாடு நாசமாப் போவட்டும், கைய எடு!" விரல்களைப் பிடித்துப் பிய்த்தேன். பின்னால் தேங்கி நின்ற காவடிக்காரர்களில் ஒருவர் கத்தினார்: "யோவ், வழிய உடு! நாங்கல்லாம் படியிலயே குடித்தனம் பண்றதா?"

படக்காரர் ஒதுங்கினார். அக்கா ஏறிப் போனாள்.

படம் எங்கள் டெண்டுக் கொட்டகைக்கே வந்தது. யாரோ ஒருத்தி வெறும் காவடியைத் தூக்கிக்கொண்டு பல்லைக் காட்டி ஏறுகிறாள். கஷ்டத்திலும் சிரிக்கும் எளிய மக்கள் என்று ஒரு குரல் உருகுகிறது. த்தூ! பாதியிலேயே எழுந்து வந்து அக்காவிடம் கொட்டினேன்.

அவள் ரேஷன் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். "காவடி சன்னதியில எறங்குச்சா இல்லியா? நீ ஏண்டா குதிக்கிற? போ, மண்ணெண்ணெய் ஊத்துறானாம்."

போனேன். வரிசையில் எனக்கு முன்னும் பின்னும் நின்றவர்களிடமெல்லாம் அந்தப் படத்தைப் பார்க்காதீர்கள் என்று தொண்டை கட்டும்வரை சொன்னேன்.